மாடு மேய்த்தவர் ஒலிம்பிக் கேப்டன் ஆனார்!

(மூன்றாமாண்டு, இயந்திரவியல் துறை)

ஆண்டு மலர் என்றாலே கவிதை எழுது, ஜோக் எழுது என்பார்கள். நான் ஒரு விளையாட்டு வீரரின் வரலாற்றை எழுத ஆசைப்பட்டேன். ஹாக்கி என்றதும் நம் எல்லோருக்கும் தியான்சந்த் பெயர்தான் ஞாபகம் வரும். ஆனா அந்த தியான்சந்த் ஆடிய முதல் ஒலிம்பிக்கில் இந்திய அணிக்கு கேப்டன் யார் என்று நம்ம வகுப்பில் கேட்டுப் பார்த்தேன். ஒருத்தருக்கும் தெரியல. அவர்தான் ஜெய்பால் சிங் முண்டா. நம்ம வெள்ளிமலை மாதிரியே காடும் மேடுமான ஊரில் பிறந்த ஓர் ஆதிவாசி. அவர் கதை கல்வராயன் மலைப் பிள்ளைகள் ஒவ்வொருவரும் தெரிந்துகொள்ள வேண்டிய கதை என்றால் அது மிகையாகாது.

பிறப்பும் படிப்பும்

இன்றைய ஜார்க்கண்ட் மாநிலம் குந்தி மாவட்டத்தில் டகரா பாஹன்டோலி என்று ஒரு சின்ன கிராமம். அங்கே 1903 ஜனவரி 3ஆம் தேதி முண்டா இனத்தில் பிறந்தார். சின்ன வயசில் அவர் பெயர் பிரமோத் பாஹன். வீட்டு வேலை என்றால் மாடு மேய்ப்பதுதான். பிறகு ராஞ்சியில் மிஷன் நடத்திய செயின்ட் பால் பள்ளியில் சேர்த்தார்கள். பையன் படிப்பிலும் சுட்டி, ஹாக்கி மட்டையைப் பிடித்தாலும் சுட்டி. அதைப் பார்த்த பள்ளித் தலைவர் காஸ்கிரேவ் என்ற ஆங்கிலேயப் பாதிரியார், அவரை இங்கிலாந்துக்கே கூட்டிக்கொண்டு போய்விட்டார். ஆக்ஸ்போர்டு பல்கலைக்கழகத்தின் செயின்ட் ஜான்ஸ் கல்லூரியில் பொருளாதாரம் படித்துப் பட்டம் வாங்கினார். ஆக்ஸ்போர்டு ஹாக்கி அணியிலும் ஆடினார். அங்கே சிறந்த ஆட்டக்காரர்களுக்கு "புளூ" என்று ஒரு கௌரவம் தருவார்கள். ஹாக்கியில் அதை வாங்கிய முதல் இந்தியர் இவர்தான்.

அவர் ஆடிய இடம் ஃபுல் பேக். அதாவது கோல் கீப்பருக்கு முன்னால் நின்று எதிரியைத் தடுக்கிற இடம். நம்ம கபடியில் கார்னர் நிற்பவனை நினைத்துக்கொள்ளுங்கள். பாடிப் போறவனுக்குத்தான் கைதட்டு கிடைக்கும். கார்னர்காரன் காலைப் பிடிக்காவிட்டால் அணி தோற்றுப்போகும் என்பது ஆடியவனுக்குத்தான் தெரியும். கோல் போட்டவர் பெயரை ஊரே சொல்லும். தடுத்தவர் பெயரை யார் சொல்வார்கள்? ஜெய்பாலை நாம் மறந்துபோனதற்கு இதுவும் ஒரு காரணம் என்று எனக்குத் தோன்றுகிறது.

வேலையா? விளையாட்டா?

அந்தக் காலத்தில் ஐ.சி.எஸ். என்றால் சும்மா இல்லை. இன்றைய ஐ.ஏ.எஸ். மாதிரி, அதைவிடப் பெரிய பதவி. ஜெய்பால் அதற்குத் தேர்வாகி இங்கிலாந்தில் பயிற்சியில் இருந்தார். அந்த நேரத்தில்தான் 1928ஆம் ஆண்டு ஆம்ஸ்டர்டாம் ஒலிம்பிக் வந்தது. இந்திய ஹாக்கி அணிக்கு அவரே கேப்டன் என்று முடிவானது. லீவு கேட்டார். கிடைக்கல. ஒரு பக்கம் வாழ்நாள் முழுக்க உட்கார்ந்து சாப்பிடக்கூடிய வேலை. இன்னொரு பக்கம் நாட்டின் பெயரில் ஒரு சட்டை. அவர் லீவு இல்லாமலேயே புறப்பட்டுப் போய்விட்டார்!

அந்த ஒலிம்பிக்கில் இந்தியா ஆடியது மொத்தம் 5 ஆட்டம். ஆஸ்திரியாவை 6-0, பெல்ஜியத்தை 9-0, டென்மார்க்கை 5-0, சுவிட்சர்லாந்தை 6-0 என்று ஜெயித்தது. இறுதி ஆட்டத்தில் சொந்த மண்ணில் ஆடிய நெதர்லாந்தை 3-0 என்று தோற்கடித்தது. மொத்தம் 29 கோல். அதில் 14 தியான்சந்த் போட்டது. எதிரணிகள் போட்டது ஒன்றுகூட இல்லை! இந்த பூஜ்யத்தைத்தான் நான் பெரிதாக நினைக்கிறேன். கோல் கீப்பர் ரிச்சர்டு ஆலனும் அவருக்கு முன்னால் நின்ற தடுப்பாட்டக்காரர்களும் சேர்ந்து எழுதிய பூஜ்யம் அது. ஒலிம்பிக்கில் இந்தியா வாங்கிய முதல் ஹாக்கி தங்கமும் அதுதான்.

ஆனால் இறுதி ஆட்டத்தில் ஜெய்பால் ஆடவில்லை. அணி நிர்வாகத்தோடு கருத்து வேறுபாடு வந்து விலகிவிட்டார். பின்னிகர் என்பவர் தலைமையில் அணி இறங்கியது. தங்கம் கிடைத்த அன்று கேப்டன் களத்தில் இல்லை என்பது வருத்தமான விஷயம்தான். அதோடு முடியவில்லை. திரும்பிப் போனதும் பயிற்சியை இன்னும் ஒரு வருஷம் தொடர வேண்டும் என்று சொல்லிவிட்டார்கள். அவர் ஐ.சி.எஸ்.ஸையே வேண்டாம் என்று விட்டுவிட்டார். தங்கம் ஜெயித்ததும் மாலை மரியாதையோடு வாழ்க்கை மாறிவிடும் என்று நாம் சினிமாவில் பார்க்கிறோம். இவர் கேப்டன் ஆனதுக்குக் கொடுத்த விலை ஒரு வேலை!

மலைக்குத் திரும்பியவர்

அதற்குப் பிறகு பர்மா ஷெல் எண்ணெய்க் கம்பெனியில் வேலை பார்த்தார். ஆப்பிரிக்காவில் இன்றைய கானா நாட்டில் அச்சிமோட்டா கல்லூரியில் ஆசிரியராக இருந்தார். ராய்ப்பூரில் ராஜகுமாரர்கள் படிக்கும் கல்லூரியிலும், பிறகு பிகானேர் சமஸ்தானத்திலும் பொறுப்பு வகித்தார். நல்ல சம்பளம், நல்ல அந்தஸ்து. அப்படியே இருந்திருக்கலாம். ஆனா 1939இல் ராஞ்சியில் ஆதிவாசி மகாசபைக்குத் தலைவரானார். அப்போது அவருக்கு வயது 36. அன்றிலிருந்து சாகும்வரை தன் மக்கள் வேலைதான். அவர்கள் அவரை மராங் கோம்கே, அதாவது பெருந்தலைவர் என்று அழைத்தார்கள்.

1946இல் அரசியல் நிர்ணய சபைக்கு உறுப்பினராகப் போனார். அந்த ஆண்டு டிசம்பர் 19ஆம் தேதி அங்கே பேசும்போது, தன்னை ஜங்கிலி என்று மற்றவர்கள் அழைப்பதை எண்ணித் தான் வெட்கப்படவில்லை, பெருமைப்படுகிறேன் என்ற பொருளில் பேசினார். ஜனநாயகத்தை ஆதிவாசிகளுக்கு யாரும் கற்றுத்தர வேண்டியதில்லை, அவர்களிடமிருந்துதான் மற்றவர்கள் கற்க வேண்டும் என்றும் வாதாடினார். ஆதிவாசி என்ற சொல்லே சட்டத்தில் இடம்பெற வேண்டும் என்று கேட்டார். அது நடக்கவில்லை. பட்டியல் பழங்குடியினர் என்ற பெயர்தான் வந்தது.

நண்பர்களே, இது எங்கேயோ வடக்கே நடந்த கதை என்று தள்ளிவிடாதீர்கள். நம்ம கல்வராயன் மலை ஜாகீர்தார்கள் கையிலிருந்து அரசாங்கத்தின் கைக்கு வந்ததே 1976இல்தான். நாடு சுதந்திரம் அடைந்து 29 வருஷம் கழித்து! எங்க தாத்தா ஜாகீர் காலத்தில் கூலியில்லாமல் வேலை செய்த கதையை இப்பவும் எங்க வீட்டில் சொல்லுவாங்க. எங்க அப்பா சாமையும் மரவள்ளியும் போடுகிறவர், கையெழுத்து மட்டும் போடத் தெரியும். எங்க வீட்டில் டிப்ளமோ வரைக்கும் வந்தது நான்தான் முதல் ஆள். எனக்கு இந்த சீட்டு கிடைத்தது எஸ்.டி. ஒதுக்கீட்டில். அந்த உரிமைக்காக அந்த சபையில் எழுந்து நின்று பேசியவர்களில் ஒரு ஹாக்கி ஃபுல் பேக்கும் இருந்தார் என்று படித்தபோது எனக்கு உடம்பு சிலிர்த்துப்போச்சு.

கடைசிக் காலம்

1950இல் ஜார்க்கண்ட் கட்சியைத் தொடங்கினார். 1952 தேர்தலில் அந்தக் கட்சி பீகார் சட்டசபையில் 32 இடம் பிடித்து முக்கிய எதிர்க்கட்சி ஆனது. ஆதிவாசிகளுக்குத் தனி மாநிலம் வேண்டும் என்று மாநில மறுசீரமைப்பு ஆணையத்திடம் கேட்டார்கள். ஆணையம் ஒத்துக்கொள்ளவில்லை. பிறகு கட்சிக்கு ஓட்டு குறைந்தது. 1963இல் அவர் கட்சியைக் காங்கிரசோடு சேர்த்துவிட்டார். கூட இருந்த பலபேருக்கு அது பிடிக்கவில்லை. தனி மாநிலக் கோரிக்கையைக் கைவிட்டுவிட்டார் என்று கோபப்பட்டார்கள். அந்தக் கோபத்தில் நியாயம் இல்லை என்று நான் சொல்லமாட்டேன். பெரிய மனிதர் செய்தது எல்லாமே சரி என்று எழுதினால் அது வரலாறு ஆகாது, வாழ்த்து மடல்தான் ஆகும்.

1970 மார்ச் 20ஆம் தேதி டெல்லியில் காலமானார். அப்போதும் அவர் மக்களவை உறுப்பினர். 30 வருஷம் கழித்து, 2000 நவம்பர் 15இல் ஜார்க்கண்ட் மாநிலம் பிறந்தது. அதைப் பார்க்க அவர் இல்லை. இறுதி ஆட்டத்திலும் இல்லை, மாநிலம் பிறந்த அன்றும் இல்லை. ஆனா இரண்டிலும் முதலில் இறங்கி ஆடியவர் அவர்தானே! இன்று வெளிநாட்டில் போய்ப் படிக்கும் ஆதிவாசி மாணவர்களுக்கு ஜார்க்கண்ட் அரசு அவர் பெயரில் உதவித்தொகை கொடுக்கிறது.

நாம் என்ன செய்யப் போகிறோம்?

இந்த வருஷம் நமக்கு கேம்பஸ் இன்டர்வியூ. ஓசூருக்கோ ஸ்ரீபெரும்புதூருக்கோ போய்விடுவோம். போகத்தான் வேண்டும். வீட்டில் கடன் இருக்கு, தங்கச்சி படிப்பு இருக்கு. ஜெய்பால்கூட படிப்பு முடித்ததும் உடனே ஊருக்கு ஓடி வரவில்லை. பத்து வருஷத்துக்கு மேல் வெளியில் சம்பாதித்து, உலகம் பார்த்து, அப்புறம்தான் வந்தார். ஆனா வந்தார்! அதுதான் விஷயம். மலையைவிட்டு இறங்குவது தப்பில்லை. இறங்கினவன் தன் ஊர்ப் பெயரைச் சொல்ல வெட்கப்படுவதுதான் தப்பு. யாராவது காட்டான் என்று கிண்டல் செய்தால் தலையைக் குனியாதீர்கள். ஆக்ஸ்போர்டில் படித்து, இந்தியாவுக்கே கேப்டனாக இருந்த ஒருத்தர் அந்தப் பெயரைப் பெருமையோடு சுமந்திருக்கிறார்.

கோல் போடுகிற வாய்ப்பு எல்லோருக்கும் கிடைக்காது. நமக்குப் பின்னால் வரும் தம்பி தங்கைகளுக்காக ஒரு கார்னரில் நின்று தடுத்து ஆடுகிற வாய்ப்பு எல்லோருக்கும் உண்டு. ஒரு விண்ணப்பம் நிரப்பித் தருவது, ஒரு பையனை இடையில் படிப்பை நிறுத்தாமல் பார்த்துக்கொள்வது, அதுவும் ஆட்டம்தான். ஆடுவோம் நண்பர்களே! வெல்வோம்!