தீக்குச்சிகளை ஆடவைத்தவர்

உயிரற்ற பொருள்களைத் திரையில் உயிர்பெறச் செய்யும் கலை, ஊமைப்படக் காலத்திலேயே தோன்றிவிட்டது. உருசியாவில் 1912இல் ஸ்தாரெவிச் என்பார், இறந்த வண்டுகளுக்குக் கம்பியால் கால் பொருத்தி நகைச்சுவைப் படம் எடுத்தார். அமெரிக்கரான வின்சர் மெக்கே 1914இல் கெர்ட்டி என்னும் டைனோசரைக் கோட்டோவியத்தில் குறும்பு செய்ய வைத்தார். அக்காலத்தில் நம் நாட்டில் இத்தகைய முயற்சியில் இறங்கியவர் துண்டிராஜ் கோவிந்த் பால்கே. மக்கள் அவரைத் தாதாசாகேப் என்று அழைத்தனர்.

பால்கே 1870ஆம் ஆண்டு ஏப்ரல் 30ஆம் நாள் நாசிக் அருகிலுள்ள திரியம்பகத்தில் பிறந்தார். மும்பையிலும் பரோடாவிலும் ஓவியமும் ஒளிப்படக்கலையும் பயின்றார். குலசேகரம் அடங்கிய அன்றைய திருவிதாங்கூர் நாடு ஈன்ற ஓவியர் இரவிவர்மாவின் அச்சகத்திலும் பணியாற்றினார். கொள்ளைநோய் முதல் மனைவியையும் குழந்தையையும் பறித்தது. ஆயினும் அவர் கலையைக் கைவிடவில்லை.

இயேசுவின் வாழ்க்கையைக் கூறும் படமொன்றை மும்பையில் கண்டபின், திரைப்படமே அவரது வேட்கையாயிற்று. இரவு பகலாக ஆராய்ந்ததால் சிலகாலம் பார்வையை இழந்தார். நலம் பெற்றதும், காப்பீட்டுப் பத்திரத்தை அடகுவைத்து 1912இல் இலண்டன் சென்று படக்கருவி வாங்கிவந்தார்.

படமெடுக்கப் பணம் தருவோர் நம்பிக்கை கொள்ளவேண்டுமே! பால்கே பட்டாணி விதையைத் தொட்டியில் ஊன்றி, அது வளர்வதைப் பல நாள் சிறிது சிறிதாகப் படம்பிடித்தார். பல நாள் வளர்ச்சி நொடிகளில் திரையில் விரிந்தது. கண்டவர் வியந்தனர், உதவியும் கிடைத்தது. போதாக்குறைக்கு மனைவி சரசுவதிபாய் தம் நகைகளை ஈந்தார். படச்சுருளில் துளையிடுவது முதல் குழுவினர்க்குச் சமைப்பது வரை அவரே தோள்கொடுத்தார். 1913 மே 3ஆம் நாள் ‘ராஜா அரிச்சந்திரா’ மும்பையில் திரையிடப்பட்டது.

உலகப்போர் மூண்டதும் பணமுடை நெருக்கியது. பெரும்படம் எடுக்க இயலாத நிலையிலும் அவர் சோர்ந்திருக்கவில்லை. 1915இல் தீக்குச்சிகளையே நடிகர்களாக்கினார். ஒரு குச்சியைச் சற்றே நகர்த்தி ஒரு படம். மீண்டும் நகர்த்தி மற்றொரு படம். நொடிக்குப் பதினாறு படங்கள் எனக் கொண்டால், ஒரு நிமிடக் காட்சிக்கு 960 படங்கள் வேண்டும். அத்துணைப் பொறுமையில் பிறந்தது அவ்வேடிக்கைப் படம். அது இன்று காணக் கிடைக்கவில்லை.

பேசும்படம் வந்தபின் பால்கேயின் புகழ் மங்கியது. 1944 பிப்ரவரி 16இல் நாசிக்கில் மறைந்தார். 1969 முதல் அவர் பெயரால் இந்திய அரசு உயரிய திரைவிருது வழங்குகிறது. விருதின் ஒளியில் அவர் பெயரை அறிந்தோர் பலர். பட்டாணி முளையின் முன்னும் தீக்குச்சிகளின் முன்னும் அவர் காத்த பொறுமையை அறிதலே அவரை அறிதலாகும்.