மருத்துவ மாமணி தலிமெரன் ஆவோ

மாலை வேளையில் நம் பினாங்கு எஸ்பிளனேட் திடலின் பக்கம் செல்வோர் அங்குச் சிறுவர்கள் பந்தாடுவதைக் கண்டிருப்பர். கோல் போடுகின்றவனைத் தோழர்கள் தோளில் தூக்கிக் கொண்டாடுவதும், பின்னால் நின்று எதிரியின் பந்தைத் தடுத்தவனை மறந்துவிடுவதும் வழக்கமாகவே உள்ளது. தடுத்தாடும் இடத்தில் நின்றே பெரும்புகழ் பெற்ற ஒருவரின் வரலாற்றை நாம் இங்கே காண்போம். அவர் பெயர் தலிமெரன் ஆவோ. விடுதலை பெற்ற இந்தியாவின் முதல் ஒலிம்பிக் கால்பந்துக் குழுவுக்குத் தலைமை தாங்கியவர் அவரே.

இந்தியாவின் வடகிழக்கு எல்லையில் நாகா மலைகள் உள்ளன. அங்குள்ள சாங்கி என்னும் சிற்றூரில் 1918-ஆம் ஆண்டு சனவரித் திங்கள் 28-ஆம் நாள் ஆவோ பிறந்தார். அவர் தந்தையார் ஒரு கிறித்துவப் போதகர். இம்பூரிலிருந்த மிஷன் பள்ளியில் பயின்ற காலத்திலேயே பந்தாட்டம் அவர் நெஞ்சைக் கவர்ந்துவிட்டது.

1935-ஆம் ஆண்டில் அக்குடும்பத்தைப் பெருந்துயரம் சூழ்ந்தது. தந்தையார் குடற்காய்ச்சலால் மாண்டார். இறக்குந் தறுவாயில் அவர் தம் மகனிடம் ஒரு விருப்பத்தைத் தெரிவித்தார். மகன் மருத்துவம் பயின்று தம் மக்களுக்குத் தொண்டாற்ற வேண்டும் என்பதே அது. அக்காலத்தில் நாகா மலைகளில் மருத்துவ வசதி மிகக் குறைவு. நோயுற்றோர் பலர் தக்க மருந்தின்றியே மடிந்தனர். தந்தையின் சொல் பதினேழு வயது இளைஞரின் உள்ளத்தில் ஆழப் பதிந்தது.

பின்னர் அவர் கௌகாத்தி நகரின் காட்டன் கல்லூரியில் சேர்ந்தார். படிப்போடு விளையாட்டிலும் முன்னணியில் நின்றார். அந்நாளில் அவர் முன்வரிசையில் ஆடிக் கோல் போடுபவராகவே விளங்கினார். மருத்துவம் பயில்வதற்காக 1942-ஆம் ஆண்டில் கல்கத்தாவின் கார்மைக்கேல் மருத்துவக் கல்லூரியில் அவர் இடம் பெற்றார். அடுத்த ஆண்டிலேயே, புகழ்வாய்ந்த மோகன் பகான் கழகம் அவரைத் தன் குழுவில் சேர்த்துக் கொண்டது.

அக்கழகத்தில் அவர் இடம் மாறிற்று. முன்னின்று தாக்கியவர், நடுப்பின் வரிசையில் நின்று தடுப்பவரானார். இவ்விடத்தில் ஆடுவோர்க்குக் கால் வலிமை மட்டும் போதாது. எதிரி எத்திசையில் பந்தை உதைப்பான் என்பதை முன்னரே உணர வேண்டும். பந்தைப் பறித்ததும் அதைத் தம் குழுவினர்க்குப் பிழையின்றிச் சேர்க்க வேண்டும். ஆவோ இவ்விரண்டிலும் தேர்ந்தார். கோல் போடும் பெருமை தம்மை விட்டுப் போயிற்றே என்று அவர் வருந்தவில்லை. விரைவிலேயே கழகத்தின் தலைவராகவும் உயர்ந்தார்.

பகலில் மருத்துவப் பாடம், மாலையில் பந்தாட்டம், இரவில் மீண்டும் புத்தகம். இவ்வாறே அவர்தம் கல்கத்தா வாழ்க்கை நடந்தது.

1948-ஆம் ஆண்டில் இலண்டன் மாநகரில் ஒலிம்பிக் போட்டிகள் நடைபெற்றன. இந்தியா விடுதலை பெற்று ஓராண்டுகூட நிறைவுறாத நேரம் அது. தொடக்க விழாவில் நாட்டின் கொடியை ஏந்திச் செல்லும் பேறும், கால்பந்துக் குழுவுக்குத் தலைமை தாங்கும் பொறுப்பும் ஆவோவுக்கே கிடைத்தன.

சூலை 31-ஆம் நாள் இல்போர்டு என்னுமிடத்தில் இந்தியாவும் பிரான்சும் மோதின. இந்திய ஆட்டக்காரர்களுள் பெரும்பாலோர் காலணியின்றி வெறுங்காலுடனேயே ஆடினர். அவர்கள் இளமை முதலே பழகிய முறை அதுவாகும். காலணி அணிந்த பிரெஞ்சுக்காரர்களை அவர்கள் அஞ்சாது எதிர்த்ததைக் கண்டு மக்கள் வியந்தனர். பிரான்சு முதற்கோலைப் போட்டது; சாரங்கபாணி ராமன் என்பவர் இந்தியாவுக்காக ஒரு கோல் போட்டு அதனைச் சமன் செய்தார். இந்தியாவுக்கு இருமுறை தண்டனை உதை வாய்த்தும், இரண்டும் கோலாகவில்லை. ஆட்டம் முடியும் தறுவாயில் பிரான்சு மேலும் ஒரு கோல் போட்டு 2-1 என வென்றது. தோற்றபோதிலும் இந்தியக் குழு காண்போரின் பாராட்டைப் பெற்றது.

வெறுங்கால் ஆட்டத்தின் குறையும் பின்னர் வெளிப்பட்டது. 1952-இல் எல்சிங்கி ஒலிம்பிக்கில் இந்தியா யுகோசுலாவியாவிடம் 10-1 எனத் தோற்றது. அதன்பின் இந்திய ஆட்டக்காரர்கள் காலணி அணிந்தாடும் நிலை ஏற்பட்டது.

ஆவோவின் ஆட்டத்தைக் கண்ட இலண்டன் ஆர்செனல் கழகம் தம்மிடம் வந்து ஆடுமாறு அவரை அழைத்தது என்று அவர் வரலாறு கூறுகிறது. உலகப் புகழும் பெரும்பொருளும் அங்கே காத்திருந்தன. ஆயினும் மருத்துவப் படிப்பு இன்னும் முடியவில்லை. தந்தைக்குச் செய்ய வேண்டிய கடனும் எஞ்சியிருந்தது. ஆவோ அவ்வழைப்பை ஏற்காது கல்கத்தாவுக்குத் திரும்பினார். முப்பது வயதில் மீண்டும் மாணவராக அமர்ந்து, 1950-ஆம் ஆண்டில் மருத்துவப் பட்டம் பெற்றார்.

பின்னர் ஆட்டக்களத்தை விட்டு விலகித் தம் மலைநாட்டுக்குச் சென்றார். 1953-இல் கோகிமா மருத்துவமனையில் பணியேற்றார். 1963-இல் நாகாலாந்து தனி மாநிலமாயிற்று. அம்மாநிலத்தின் மருத்துவத் துறைக்கே அவர் இயக்குநரானார். 1978-ஆம் ஆண்டில் ஓய்வு பெறும்வரை அத்தொண்டைத் தொடர்ந்தார். 1998-ஆம் ஆண்டு செப்டம்பர்த் திங்கள் 13-ஆம் நாள் அவர் இயற்கை எய்தினார். வடகிழக்கு மாநிலங்களில் அவர் பெயரால் கால்பந்துப் போட்டிகள் நடத்தப்பட்டுள்ளன.

அன்புள்ள மாணவச் செல்வங்களே! விளையாடினால் படிப்புக் கெடும் என்பாரும், படித்தால் விளையாட நேரமில்லை என்பாரும் நம்மிடையே உள்ளனர். ஆவோ இரண்டையும் செய்தார். இரண்டில் ஒன்றை விட்டுத்தான் ஆக வேண்டும் என்ற நாள் வந்தபோது, தந்தைக்குக் கொடுத்த வாக்கையே காத்தார். அதனால் மலைவாழ் மக்களுக்கு ஒரு நல்ல மருத்துவர் கிடைத்தார்.

நாளை நம் பள்ளித் திடலில் ஆசிரியர் உங்களைப் பின்வரிசையில் நிற்கச் சொல்லக்கூடும். அப்போது முகம் வாடாதீர்கள். இலண்டனில் தம் நாட்டின் கொடியை ஏந்திச் சென்றவரும் பின்னின்று தடுத்தாடியவரே என்பதை நினைவிற் கொண்டு, கொடுத்த இடத்தைச் செம்மையாகக் காப்போமாக!