தொண்டைமானாற்றூர்த் துஞ்சிய சோழன்

நைல் நதிக்கரையில் குஷ் நாட்டு மன்னர்க்குப் பிரமிடுகள் எழுப்பப்பட்டதை உலக சரித்திரத்தில் பயிலும் நம் மாணவர், சோழ மன்னரின் சமாதிமீது சிவாலயம் எடுக்கும் வழக்கம் நம்மவரிடத்தும் இருந்ததை அறிதல் நன்று. அத்தகைய கோயில் பள்ளிப்படை எனப்படும். அதனைப் பெற்றவருள் முதலாம் ஆதித்தன் நம் கொங்குநாட்டோடு தொடர்புடையவன் ஆதலின், அவன் வரலாற்றை ஈண்டுச் சுருங்க உரைப்பாம்.

தஞ்சையைக் கைப்பற்றிய விசயாலயனுக்கு மகனாகிய ஆதித்தன் கி. பி. 871-ஐ ஒட்டி அரசெய்தினான். அந்நாளில் சோழர் பல்லவர்க்கு அடங்கிய சிற்றரசரே. திருப்புறம்பியத்துப் பெரும்போரில் ஆதித்தன் பல்லவன் அபராசிதன் பக்கல் நின்றான். பாண்டியன் வரகுணன் தோற்றான். பல்லவர்க்குத் துணைவந்த கங்க மன்னன் பிருதிவீபதி களத்தில் மாய்ந்தான். வெற்றி பல்லவனது, அதன் பயனோ ஆதித்தனது. சில ஆண்டுகளில் அவன் அபராசிதனையே எதிர்த்து, யானைமேலிருந்த அவன்மீது பாய்ந்து கொன்றான் எனக் கன்னியாகுமரிக் கல்வெட்டுக் கூறும். தொண்டைமண்டலம் சோழர் வசமாயிற்று.

பின்னர் ஆதித்தன் கொங்குநாட்டை வென்றான் எனக் கொங்குதேச ராஜாக்கள் என்னும் நூல் உரைக்கும். கொங்கிற் கொண்ட பொன்னால் தில்லையம்பலத்தை வேய்ந்தான் என்பர் நம்பியாண்டார் நம்பி. சஃய மலை முதல் கடல் வரை காவிரியின் இருகரையிலும் அவன் கற்கோயில்கள் எடுத்ததை அன்பிற் செப்பேடுகள் புகழும். எனினும், வென்றவர்க்குத் திருப்பணியானது வெல்லப்பட்ட நாட்டிற்கு இழப்பேயாகும் என்பதை நொய்யற்கரையில் வாழும் நாம் மறத்தலாகாது.

907-ஐ ஒட்டி, தஞ்சைக்கு நெடுந்தொலைவில், காளத்திக்கு அண்மையிலுள்ள தொண்டைமானாற்றூரில் ஆதித்தன் உயிர்நீத்தான். அவனுக்குப்பின் பராந்தகன் முடிசூடினான். இராட்டிரகூடன் இரண்டாம் கிருட்டிணனின் மகள் ஆதித்தனுக்குப் பெற்ற மகன் கன்னரதேவன். தன் பேரனுக்கு அரசுரிமை கிட்டாமை கண்டே கிருட்டிணன் படையெடுத்தான் என்பர் சரித்திர ஆசிரியர். 911-ஐ ஒட்டித் திருவல்லத்தில் நிகழ்ந்த போரில் பராந்தகன் வென்று அரியணையை நிலைநிறுத்தினான்.

தந்தை துஞ்சிய ஊரில் பராந்தகன் எடுத்த பள்ளிப்படையே கோதண்டராமேச்சுரம். ஆதித்தேச்சுரம் என்றும் பெயர். கோதண்டராமன் என்பது ஆதித்தனுக்கு வழங்கிய சிறப்புப் பெயர். அங்கே விழா எடுக்கவும் ஆயிரவர்க்கு அன்னமிடவும் பராந்தகன் காலத்தே நிவந்தம் அளிக்கப்பட்டது. முடி வாளால் காக்கப்பட்டது. தந்தையின் நினைவோ பசித்தோர்க்கு இட்ட சோற்றால் காக்கப்பட்டது. இவ்விரண்டினுள் எது நெடிது நிற்பது என்பதை நம் மாணவர் எண்ணிப் பார்ப்பாராக.