பாறைக்குள் பூதம் கண்ட பெண்

இங்கிலாந்தின் தென் கரையில், டார்செட் ஜில்லாவில், லைம் ரீஜிஸ் என்று ஒரு சிற்றூர். கடலோரமாகச் செங்குத்தான மேடுகள். களிமண்ணும் சுண்ணாம்புக் கல்லும் அடுக்கடுக்காக அமைந்தவை. மாரிக்காலத்தில் புயலும் மழையும் அடித்தால் அவை சரிந்து விழும். ஊரார் வீட்டுக்குள் ஒடுங்கும் அந்தச் சமயம் பார்த்துத்தான் மேரி ஆனிங் கூடையும் சுத்தியுமாகக் கிளம்புவாள். சரிந்த மண்ணில் தெரியும் எலும்புகளை அலை அடித்துக்கொண்டு போவதற்குள் எடுத்துவிட வேண்டுமே!

மேரி 1799-ல் பிறந்தவள். தகப்பனார் தச்சர். கரையில் கிடைத்த, கல்லாய்ச் சமைந்த சிப்பிகளையும் சுருள் நத்தைகளையும் உல்லாசப் பிரயாணிகளுக்கு விற்பது உபதொழில். (நம்மவர் பூஜையில் வைக்கும் சாளக்கிராமமும் இந்தச் சுருள் நத்தை இனம்தான்.) 1810-ல் அவர் காலமானபோது குடும்பத்துக்கு மிஞ்சியது கடன்.

மறு வருஷம் அண்ணன் ஜோசப் ஒரு பெரிய மண்டையோட்டைக் கண்டான். முதலை என்று நினைத்தார்கள். உடலைத் தேடிப் பிடித்தவள் மேரி. ஆட்களை வைத்து வெட்டி எடுத்தாள். விலை சுமார் 23 பவுன். அது முதலை அல்ல. மீன் வடிவம் கொண்ட ஊர்வன இனம். பின்னாளில் அதற்கு இக்தியோசாரஸ் என்று பெயரிட்டார்கள்.

1823-ல் வந்தது பெரிய சோதனை. பாம்பைப் போன்ற நீண்ட கழுத்தும் துடுப்புப் போன்ற கால்களும் உடைய பிளீசியோசாரஸ் ஒன்று முழுதாகக் கிடைத்தது. படத்தைப் பார்த்த பாரிஸ் மேதை கூவியே சந்தேகப்பட்டார். கழுத்தில் இவ்வளவு எலும்புகளா? வேறு பிராணியின் எலும்பை ஒட்டவைத்த மோசடியாக இருக்குமோ? அவர் அப்படித் தீர்ப்பளித்திருந்தால் மேரியிடம் கல் வாங்க ஆள் இராது, அடுப்பும் எரியாது. நல்ல வேளை, எலும்புக்கூடு அசல்தான் என்று ருசுவாயிற்று. கூவியேயும் ஒப்புக்கொண்டார். 1824-ல் லண்டன் பூகர்ப்ப சாஸ்திர சங்கத்தில் கானிபியர் என்ற பாதிரியார் அதை விவரித்தார். எடுத்தவள் பெயரை மட்டும் சொல்லவில்லை. அதை மறதி என்று கொள்வது கஷ்டம்.

1828-ல் பறக்கும் பல்லி ஒன்றும் அகப்பட்டது. இதற்குள் பெரிய நிபுணர்கள் மேரி அம்மையாரைத் தேடி வந்து, அவரோடு கரையில் நடந்து பாடம் கற்றுப்போனார்கள். பள்ளிப் படிப்பு அதிகம் இல்லாத அவர், ஆராய்ச்சிக் கட்டுரைகளைக் கையால் பிரதி எடுத்துப் படித்தவர்.

1833-ல் மேடு சரிந்து, கூடவே வரும் நாய் டிரே கண்ணெதிரே புதைந்தது. மயிரிழையில் அவர் தப்பினார். அப்புறமும் தேடுவதை விடவில்லை.

1847-ல், 47-வது வயதில், மார்புப் புற்றுநோயால் காலமானார். மறு ஆண்டு சங்கத் தலைவர் தெ லா பேச் தமது உரையில் அவருக்கு அஞ்சலி செலுத்தினார். பெண்களை அங்கத்தினராக அந்தச் சங்கம் ஏற்றது 1919-ல்.