கதவில் பதிந்த ரத்தக் கட்டைவிரல்: கைரேகையைக் கொலை வழக்கில் சாட்சியாக்கிய ஹுவான் வுசெட்டிச் யார்?

கொலை நடந்த வீட்டுக்குள் போலீஸ் போனதும் கைரேகை நிபுணர்கள் பிரஷ்ஷும் பவுடருமாக வந்து இறங்குவதை எத்தனையோ சினிமாவில் பார்த்திருப்போம். பீரோ, கதவு, டம்ளர் என்று எதையும் விடமாட்டார்கள். இன்றைக்கு இது சாதாரணம். ஆனால் 130 வருடங்களுக்கு முன்பு, விரல் ரேகையை வைத்துக் கொலையாளியைப் பிடிக்கலாம் என்று சொன்னால் போலீஸ்காரர்களே சிரித்திருப்பார்கள்.

அந்த நிலையை மாற்றியவர்களில் முக்கியமானவர் ஹுவான் வுசெட்டிச். அர்ஜென்டினா காவல்துறையில் வேலை பார்த்த இவர் உருவாக்கிய முறையால்தான், உலகில் முதன்முறையாகக் கைரேகையை ஆதாரமாக வைத்து ஒரு கொலை வழக்கில் தண்டனை வாங்கிக் கொடுக்கப்பட்டது. அதே முறைதான் செய்யாத கொலைக்காக அடி வாங்கிக்கொண்டிருந்த ஒருவரையும் காப்பாற்றியது.

யார் இவர்?

வுசெட்டிச் பிறந்தது அர்ஜென்டினாவில் இல்லை. 1858 ஜூலையில், இன்றைய குரோஷியாவில் இருக்கும் ஹ்வார் என்ற தீவில் பிறந்தார். அப்போது அது ஆஸ்திரியப் பேரரசின் கையில் இருந்தது. பெற்றோர் வைத்த பெயர் இவான். பிழைப்பு தேடி 1884-ல் கப்பலேறி அர்ஜென்டினா போனவர், அந்த ஊர் வழக்கப்படி ஹுவான் ஆனார்.

இதில் ஒரு ஆச்சரியமான ஒற்றுமை இருக்கிறது. அவர் பிறந்த அதே 1858 ஜூலையில்தான் நம் நாட்டில், வங்காளத்தில், வில்லியம் ஹெர்ஷல் என்ற ஆங்கிலேய அதிகாரி ஒரு ஒப்பந்தப் பத்திரத்தில் கையெழுத்துக்குப் பதிலாக முழு உள்ளங்கையையும் பதிய வைத்தார். பின்னால் ஒப்பந்தக்காரர் பேச்சு மாறக்கூடாது என்பதுதான் நோக்கம். கைரேகையை அரசு வேலைக்குப் பயன்படுத்தும் பழக்கம் இங்கிருந்துதான் வளர்ந்தது.

வுசெட்டிச் 1888-ல் லா பிளாட்டா நகரில், புவனோஸ் அயர்ஸ் மாகாணக் காவல்துறையில் சேர்ந்தார். துப்பாக்கி தூக்கும் வேலை இல்லை. கணக்கு, புள்ளிவிவரம் பார்க்கும் அலுவலக வேலைதான்.

அளவெடுக்கச் சொன்னார்கள், ரேகை எடுத்தார்

அந்தக் காலத்தில் குற்றவாளிகளை அடையாளம் காண பாரிஸைச் சேர்ந்த அல்போன்ஸ் பெர்டில்லோன் கண்டுபிடித்த முறைதான் உலகமெங்கும் பிரபலம். தலையின் நீளம், அகலம், நடுவிரல் நீளம், பாதத்தின் நீளம் என்று ஒரு ஆளின் உடம்பில் 11 அளவுகளை எடுத்து அட்டையில் எழுதி வைப்பார்கள். அதே ஆள் பெயரை மாற்றிக்கொண்டு மறுபடி சிக்கினால் அளவு காட்டிக்கொடுத்துவிடும்.

கேட்க நன்றாக இருந்தாலும் நடைமுறையில் பல சிக்கல்கள். ஒரே ஆளை இரண்டு பேர் அளந்தால் இரண்டு அளவு வரும். வளரும் வயதில் இருப்பவர்களிடம் இது எடுபடாது. எல்லாவற்றுக்கும் மேலாக, கொலை செய்தவன் தன் தலையின் அளவைச் சம்பவ இடத்தில் விட்டுப்போக மாட்டான்.

1891-ல் இந்த அளவெடுக்கும் பிரிவை லா பிளாட்டாவில் தொடங்கும் பொறுப்பு வுசெட்டிச்சிடம் வந்தது. அதே சமயத்தில் ஒரு பிரெஞ்சு அறிவியல் இதழும் அவர் கைக்கு வந்தது. அதில் இங்கிலாந்து விஞ்ஞானி பிரான்சிஸ் கால்டன் கைரேகை பற்றிச் செய்துவந்த ஆய்வைப் பற்றி ஒரு கட்டுரை. ஒருவரின் ரேகை இன்னொருவருக்கு இருக்காது, சாகும்வரை மாறாது என்பதுதான் சாரம். வுசெட்டிச் பிடித்துக்கொண்டார். மேலதிகாரிகள் கேட்ட அளவெடுப்பைத் தொடங்கியவர், கூடவே கைதிகளின் பத்து விரல் ரேகைகளையும் எடுக்க ஆரம்பித்தார். 1891 செப்டம்பர் 1-ம் தேதி 23 பேரின் ரேகைகளோடு வேலை தொடங்கியது.

சங்கு, சக்கரம் கணக்கு

ரேகை எடுப்பது பெரிய விஷயமில்லை. ஆயிரக்கணக்கான அட்டைகளுக்கு நடுவே வேண்டிய ஒன்றைத் தேடி எடுப்பதுதான் கஷ்டம். இதற்குத்தான் வுசெட்டிச் வழி கண்டுபிடித்தார்.

நம் வீடுகளில் குழந்தையின் விரலைப் பிடித்து இது சங்கு, இது சக்கரம் என்று பெரியவர்கள் எண்ணிப் பார்ப்பார்கள் இல்லையா? வுசெட்டிச்சின் அடிப்படையும் கிட்டத்தட்ட அதுதான். ஜோசியம் மட்டும் கிடையாது. எல்லா ரேகைகளையும் அவர் நான்கே வகையில் அடக்கினார்: வில் போன்றது, ஒரு பக்கம் திறக்கும் வளையம், மறுபக்கம் திறக்கும் வளையம், சுழி. கட்டைவிரலுக்கு ஒரு எழுத்து, மற்ற விரல்களுக்கு 1 முதல் 4 வரை ஒரு எண். பத்து விரலையும் சேர்த்தால் ஒரு ஆளுக்கு ஒரு சூத்திரம் கிடைக்கும்.

இப்படி அமையக்கூடிய சூத்திரங்கள் மொத்தம் 10,48,576. அந்தச் சூத்திரப்படி அட்டைகளை அடுக்கி வைத்தால், புதிதாகச் சிக்கிய ஆளின் அட்டையை எந்த அறையில் தேட வேண்டும் என்பது உடனே தெரிந்துவிடும். அந்த அறையில் இருக்கும் சில அட்டைகளை மட்டும் நுணுக்கமாக ஒப்பிட்டால் போதும்.

நெகோச்சேயா கொலை வழக்கு

1892 ஜூன் மாதம். புவனோஸ் அயர்ஸ் மாகாணத்தின் கடலோர ஊரான நெகோச்சேயாவில் ஒரு வீட்டில் இரண்டு குழந்தைகள் கொல்லப்பட்டுக் கிடந்தன. 6 வயது பையன், 4 வயது பெண். தாய் பிரான்சிஸ்கா ரோஹாஸ் கழுத்தில் காயத்தோடு இருந்தார். ஊரில் தெரிந்தவரான வெலாஸ்கெஸ் என்பவர்தான் இதைச் செய்தார் என்று அவர் கை காட்டினார்.

உள்ளூர் போலீஸ் வெலாஸ்கெஸைப் பிடித்தது. அடித்தார்கள். குழந்தைகளின் சடலங்களுக்குப் பக்கத்தில் கட்டிப்போட்டார்கள். ஒத்துக்கொள்ளச் சொன்னார்கள். அவர் ஒத்துக்கொள்ளவில்லை. கொலை நடந்த நேரத்தில் அவர் வேறு இடத்தில் இருந்ததும் தெரியவந்தது. வழக்கு அப்படியே நின்றது.

அப்போது லா பிளாட்டாவிலிருந்து எட்வார்டோ அல்வாரஸ் என்ற இன்ஸ்பெக்டரை அனுப்பினார்கள். வுசெட்டிச்சிடம் கைரேகை பற்றிக் கற்றுக்கொண்டவர் அவர். நாட்கள் கழித்துத்தான் வந்தார் என்றாலும் வீட்டை அங்குலம் அங்குலமாகப் பார்த்தார். கதவில் பழுப்பு நிறத்தில் ஒரு கறை. காய்ந்த ரத்தத்தில் பதிந்த கட்டைவிரல் ரேகை அது. கதவின் அந்தத் துண்டை மட்டும் அறுத்து எடுத்தார். ரோஹாஸின் வலது கட்டைவிரலை மையில் தொட்டுக் காகிதத்தில் பதிய வைத்தார். இரண்டும் ஒன்றாக இருந்தன.

தன் வீட்டுக் கதவில் வீட்டுக்காரரின் ரேகை இருப்பதில் என்ன அதிசயம் என்று கேட்கலாம். நியாயமான கேள்விதான். ஆனால் இங்கே ரேகை பதிந்திருந்தது ரத்தத்தில். குழந்தைகளின் உடலைத் தான் தொடவே இல்லை என்று ரோஹாஸ் சொல்லியிருந்தார். அப்படியென்றால் விரலில் ரத்தம் எப்படி வந்தது? யாருடைய ரேகை என்பது பாதிக் கேள்விதான். எதில் பதிந்தது, எங்கே பதிந்தது, அதற்கு அவர் சொல்லும் காரணம் பொருந்துகிறதா என்பது மீதிப் பாதி.

ஆதாரத்தைக் காட்டியதும் ரோஹாஸ் உடைந்துபோய் உண்மையை ஒப்புக்கொண்டார். தன் கழுத்துக் காயமும் தானே ஏற்படுத்திக்கொண்டதுதான் என்றார். தான் விரும்பியவரைத் திருமணம் செய்யக் குழந்தைகள் தடையாக இருந்ததே காரணம் என்று தெரியவந்தது. அவருக்கு ஆயுள் தண்டனை கிடைத்தது. வெலாஸ்கெஸ் பிழைத்தார்.

ஜெயித்த பிறகும் தடை

இவ்வளவு நடந்த பிறகு வுசெட்டிச்சைத் தலையில் தூக்கி வைத்துக் கொண்டாடியிருப்பார்கள் என்றுதான் நினைப்போம். நடந்தது தலைகீழ். 1893-ல் கைரேகை வேலையை நிறுத்திவிட்டுப் பழையபடி உடல் அளவுகளையே எடுக்கச் சொல்லி உத்தரவு வந்தது. பாரிஸ் முறையை விட்டுவிட அதிகாரிகளுக்கு மனசு வரவில்லை. அவர் விடவில்லை. கைக்காசைப் போட்டுப் புத்தகம் அச்சிட்டார்.

1896-க்குள் மாகாணக் காவல்துறை அளவெடுப்பதைக் கைவிட்டுக் கைரேகைக்கு மாறியது. 1904-ல் அவருடைய முக்கியமான நூல் வெளியானது. 1905-ல் புவனோஸ் அயர்ஸ், ரியோ டி ஜெனிரோ, மான்டிவிடியோ, சான்டியாகோ நகரக் காவல்துறைகள் கூடி அவருடைய முறையில் ரேகைகளைப் பரிமாறிக்கொள்ள ஒப்புக்கொண்டன. பெர்டில்லோனே 1902-ல் பாரிஸில் ஒரு கொலை வழக்கைக் கைரேகையை வைத்துத்தான் துப்பு துலக்கினார். ஆனால் பின்னாளில் வுசெட்டிச் தன்னைத் தேடி வந்தபோது அவர் முகம் கொடுத்துப் பேசவில்லை என்று சொல்லப்படுகிறது.

இந்தியாவில் என்ன நடந்தது?

இதே காலத்தில் வங்காளத்தில் எட்வர்ட் ஹென்றி தலைமையில் அஜிசுல் ஹக், ஹேமச்சந்திர போஸ் என்ற இரண்டு இந்திய போலீஸ் அதிகாரிகள் வேறொரு வகைப்படுத்தும் முறையை உருவாக்கினார்கள். 1897-ல் கொல்கத்தாவில் கைரேகைப் பிரிவு தொடங்கியது. இந்த முறையைத்தான் 1901-ல் லண்டன் ஸ்காட்லாந்து யார்டும் எடுத்துக்கொண்டது. பெயர் மட்டும் ஹென்றி முறை என்று நின்றுவிட்டது.

இங்கேயும் ஒரு கொலை வழக்கு வந்தது. ஜல்பைகுரியில் ஒரு தேயிலைத் தோட்ட மேலாளர் கொல்லப்பட்டார். அங்கே கிடந்த பஞ்சாங்கத்தில் ரத்த ரேகை. அது ஏற்கெனவே திருட்டு வழக்கில் தண்டனை பெற்ற முன்னாள் வேலைக்காரரின் ரேகையோடு பொருந்தியது. ஆனால் 1898-ல் நீதிமன்றம் அவரைத் திருட்டுக்கு மட்டுமே தண்டித்தது, கொலைக்கு இல்லை. ரேகை அவர் அங்கே இருந்ததைச் சொல்கிறது, கத்தியை வீசியதைச் சொல்லவில்லை. தடயத்தின் பலமும் எல்லையும் இந்த ஒரே தீர்ப்பில் தெரிந்துவிடுகிறது.

எல்லோருடைய ரேகையும் வேண்டும் என்றார்

வுசெட்டிச்சின் கடைசிக் கனவு பெரியது. குற்றவாளிகள் மட்டுமல்ல, மாகாண மக்கள் எல்லோரின் ரேகையும் பதிவாக வேண்டும் என்றார். 1916-ல் அதற்குச் சட்டமும் வந்தது. மக்கள் கொதித்துப்போனார்கள். தப்பே செய்யாத எங்களை ஏன் திருடனைப்போல நடத்துகிறீர்கள் என்பது அவர்கள் கேள்வி. அடுத்த ஆண்டே, 1917-ல், சட்டம் ரத்தானது. சேர்த்த பதிவுகள் பறிமுதல் செய்யப்பட்டன. மனம் நொந்துபோன வுசெட்டிச் டோலோரஸ் என்ற ஊருக்குப் போய்விட்டார். 1925 ஜனவரி 25-ம் தேதி அங்கேயே இறந்தார். இன்று புவனோஸ் அயர்ஸ் மாகாணத்தின் போலீஸ் பயிற்சிப் பள்ளிக்கும், குரோஷியத் தலைநகரில் உள்ள தடயவியல் மையத்துக்கும் அவர் பெயர்தான்.

அன்று அங்கே எழுந்த கேள்வி இன்று நமக்கும் உண்டு. ஆதாருக்காகப் பத்து விரலையும் பதிந்திருக்கிறோம். ஆனால் ஆதார் சட்டப்படி அந்த ரேகைகளைக் குற்ற விசாரணைக்குக் கொடுக்க முடியாது. போலீஸ் ஒப்பிடுவது கைதானவர்கள், தண்டனை பெற்றவர்களின் ரேகைகள் இருக்கும் தனித் தொகுப்போடுதான்.

கைரேகை தப்பே செய்யாதா?

செய்யும். ரேகை மாறாது, ஆனால் அதை ஒப்பிடும் மனிதர் தவறலாம். 2004 மாட்ரிட் ரயில் குண்டுவெடிப்பில் கிடைத்த ஒரு ரேகையை, சம்பந்தமே இல்லாத ஒரு அமெரிக்க வழக்கறிஞருடையது என்று எஃப்பிஐ நிபுணர்கள் தவறாக முடிவு செய்து அவரைக் கைது செய்தார்கள். பிறகு மன்னிப்பு கேட்க வேண்டியதாயிற்று. அதனால்தான் நம் நீதிமன்றங்களில் கைரேகை என்பது நிபுணர் சொல்லும் கருத்து. குறுக்கு விசாரணையில் அது தாக்குப்பிடிக்க வேண்டும்.

இன்னொரு பக்கம், போலீஸ் அதிகாரியிடம் கொடுத்த ஒப்புதல் வாக்குமூலத்தை வைத்து இந்தியாவில் ஒருவரைத் தண்டிக்க முடியாது. அடித்து வாங்கியதாக இருக்கலாம் என்பதால்தான் இந்த விதி. 2024 ஜூலை 1 முதல் அமலுக்கு வந்த புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டம், 7 ஆண்டு அல்லது அதற்கு மேல் தண்டனைக்குரிய குற்றங்களில் தடயவியல் நிபுணர் சம்பவ இடத்துக்குப் போக வேண்டும் என்கிறது. இதை நடைமுறைக்குக் கொண்டுவர மாநிலங்களுக்கு 5 ஆண்டு அவகாசமும் தந்திருக்கிறது.

ஆக, தடயவியல் என்பது கொலையாளியைப் பிடிக்க மட்டும் இல்லை. பிடிபட்டவர் கொலையாளி இல்லையென்றால் அவரை வெளியே விடவும் அதுதான் வழி.