யார் இந்த அலெக்ஸி ஓர்லோவ்? ஜாரைக் கவிழ்த்தவர் குதிரை வளர்த்த கதை

லேசான வண்டியை இழுத்துக்கிட்டு, நாலுகால் பாய்ச்சல் எடுக்காமல் 'ட்ராட்' நடையிலேயே குதிரை ஓடணும். அதுதான் ஹார்னஸ் ரேஸ். ரஷ்யாவில் அதற்கென ஓர் இனத்தையே உருவாக்கியவர் ஓர்லோவ்.

1737-ல் பிறந்த இவர், 1762-ல் கேத்தரினை அரியணை ஏற்றிய கும்பலில் முக்கியப் புள்ளி. பதவி பறிபோன மூன்றாம் பீட்டர் இறந்தது இவர் காவலில்தான். கொலையா? இன்னும் பேசுறாங்க.

குதிரை ஆசை அப்புறம்தான். பெரும் விலை கொடுத்து வாங்கிய அரேபியக் குதிரை 'ஸ்மெதங்கா' சீக்கிரமே செத்துப்போச்சு. மிஞ்சியது சில குட்டிகள். ஆனா, 1784-ல் பிறந்த அதன் பேரன் 'பார்ஸ்'தான் ஓர்லோவ் ட்ராட்டர் இனத்துக்கே மூதாதை.

1796-ல் கேத்தரின் மறைய, பீட்டரின் வாரிசு பால் பழைய கணக்கைத் தீர்த்தார். பீட்டரின் உடலைத் தோண்டியெடுத்து மறுஅடக்கம் செய்த ஊர்வலத்தில், கிரீடத்தைச் சுமக்க வைத்தது ஓர்லோவைத்தான்! நாட்டை விட்டே கிளம்பியவர், பால் கொல்லப்பட்ட பிறகே திரும்பினார். 1808-ல் மாஸ்கோவில் இறந்தார்.