உடைந்த குழாயும் எலக்ட்ரான் அலையும்

காசு இல்லாததால் படிப்பைப் பாதியில் விட்டு வேலைக்குப் போன நண்பர்கள் நம்மில் எத்தனையோ பேர். அதோடு எல்லாம் முடிஞ்சு போச்சு என்று நினைப்பவர்களும் உண்டு. கிளின்டன் டேவிசனும் ஒரு காலத்தில் அந்த நிலையில் இருந்தவர்தான்.

1881 அக்டோபர் 22-இல் அமெரிக்காவின் புளூமிங்டன் நகரில் பிறந்தார். அப்பா வீடுகளுக்குச் சாயம் பூசும் தொழிலாளி. அம்மா பள்ளி ஆசிரியை. உபகாரச் சம்பளம் கிடைத்து, 1902-இல் சிகாகோ பல்கலைக்கழகத்தில் சேர்ந்தார். ஒரே வருஷத்தில் கையில் காசு தீர்ந்தது. ஊருக்குத் திரும்பி, டெலிபோன் கம்பெனியில் வேலை பார்த்தார்.

ஆனால் அவருடைய பேராசிரியர் மில்லிக்கன் அவரை மறக்கவில்லை. அவர் சிபாரிசில் பர்டியூவிலும், பிறகு பிரின்ஸ்டனிலும் வேலை கிடைத்தது. கோடை விடுமுறை வந்தால் சிகாகோவுக்குப் போய்ப் படிப்பார். இப்படியே படித்து, இளங்கலைப் பட்டம் வாங்க 1908 ஆகிவிட்டது. 1911-இல் பிரின்ஸ்டனில் முனைவர் பட்டமும் பெற்றார்.

1917-இல் இராணுவத்தில் சேரப் போனார், எடுத்துக்கொள்ளவில்லை. நியூயார்க்கில் ஒரு தொலைபேசி நிறுவனத்தின் ஆய்வுக்கூடத்தில் சேர்ந்தார். பின்னாளில் பெல் ஆய்வுக்கூடம் ஆனது அதுதான். காற்றை வெளியேற்றிய கண்ணாடிக் குழாய்க்குள் ஒரு நிக்கல் துண்டு. அதன்மேல் எலக்ட்ரான்களைப் பாய்ச்சி, எந்தப் பக்கம் எவ்வளவு தெறிக்கிறது என்று அளப்பதுதான் அவருடைய ஆய்வு. கூட வேலை செய்தவர் லெஸ்டர் ஜெர்மர்.

1925 பிப்ரவரியில் ஒரு விபத்து. திரவக் காற்று வைத்திருந்த குப்பி வெடித்துக் குழாய் உடைந்தது. சூடாக இருந்த நிக்கலில் காற்று பட்டு, மேலே ஆக்சைடு படிந்துவிட்டது. தூக்கிப் போட்டுவிட்டு வேறு துண்டு எடுத்திருக்கலாம். அவர்கள் அப்படிச் செய்யவில்லை. ஹைட்ரஜனிலும் வெற்றிடத்திலும் நெடுநேரம் சூடாக்கிச் சுத்தம் செய்தார்கள்.

அப்புறம் என்ன ஆச்சு? எலக்ட்ரான்கள் தெறிக்கும் விதமே மாறிப்போச்சு! காரணம் தெரிய, குழாயை அறுத்துப் பார்த்தார்கள். பொடிப் பொடிப் படிகங்களாக இருந்த நிக்கல், அந்தச் சூட்டில் சில பெரிய படிகங்களாகச் சேர்ந்திருந்தது. அணுக்கள் வரிசையாக நிற்பதால்தான் இந்த மாற்றம் என்று புரிந்தது. உடனே ஒரே படிகமான நிக்கலைத் தயார் செய்யத் தொடங்கினார்கள்.

1926-இல் மனைவியோடு இங்கிலாந்துக்கு ஓய்வெடுக்கப் போனார். ஆக்ஸ்ஃபோர்டில் நடந்த அறிவியல் மாநாட்டில் மேக்ஸ் போர்ன் பேசினார். எலக்ட்ரானும் அலைபோல நடக்கும் என்று பிரான்சின் டி பிராலி சொல்லியிருந்தாரே, அதற்குச் சான்றாக டேவிசனின் பழைய அளவுகளையே போர்ன் காட்டினார். டேவிசனுக்கே அதுவரை தெரியாத விஷயம்! கப்பலில் ஊர் திரும்பும்போது, புதிய அலைக் கொள்கையைப் பற்றிய கட்டுரைகளோடு உட்கார்ந்துவிட்டார்.

1927 ஜனவரியில் விடை கிடைத்தது. 54 வோல்ட் மின்னழுத்தத்தில் பாய்ந்த எலக்ட்ரான்கள், 50 பாகைக் கோணத்தில் மட்டும் திடீரென்று அதிகமாகத் தெறித்தன. அலைகள் அணு வரிசைகளில் பட்டுத் திரும்பும்போது, சில திசைகளில் ஒன்றோடொன்று கூடி வலுப்பெறும். வேறு திசைகளில் ஒன்றையொன்று அழித்துவிடும். வெறும் குண்டுபோலத் தெறிக்கும் துகள் இப்படி நடக்காது. அளந்த அலைநீளம் 1.65 ஆங்ஸ்ட்ராம், டி பிராலியின் கணக்கு சொன்னது 1.67. ஒரு ஆங்ஸ்ட்ராம் என்பது ஒரு சென்டிமீட்டரில் பத்துக் கோடியில் ஒரு பங்கு!

அதே காலத்தில் பிரிட்டனில் ஜி.பி. தாம்சனும் வேறு வழியில் இதையே நிரூபித்தார். எலக்ட்ரானைத் துகள் என்று காட்டியவர் அவருடைய அப்பா. அது அலையும்தான் என்று காட்டியவர் மகன். 1937-இல் இருவருக்கும் நோபல் பரிசு கிடைத்தது. ஜெர்மருக்கு அதில் பங்கில்லை என்பது ஒரு குறைதான். டேவிசன் 1958-இல், 76-ஆவது வயதில் காலமானார்.

விபத்து யாருக்கும் நடக்கும். படிப்பு தடைபட்டபோதும் குழாய் உடைந்தபோதும் டேவிசன் செய்தது ஒன்றுதான்: விட்ட இடத்திலிருந்து மறுபடி ஆரம்பித்தார். எதிர்பாராத விடை வந்தபோது, பிழை என்று ஒதுக்காமல் ஏன் என்று கேட்டார். தம்பி தங்கைகளே, தாமதமாகிவிட்டதே என்று தளர்ந்துபோகும் நாளில், பட்டம் வாங்க ஆறு வருஷம் எடுத்துக்கொண்ட இந்த மனிதரை நினைத்துக்கொள்ளுங்கள்.